ஆச்சியின் முழங்கால்

வேலையையும் வீட்டையும் சேர்த்துச் சமாளிக்கும் பெற்றோரைப் பற்றி எழுது என்றால் எல்லோரும் சென்னைக்கு, ஐ.டி. அலுவலக வாசலுக்குப் போவார்கள். நான் சங்கரன்கோவிலிலிருந்து ராஜபாளையம் போகிற வழியில், கரிவலம்வந்தநல்லூரில் இறங்கிக்கொள்கிறேன். இந்தப் பக்கத்து அம்மாக்களுக்கு விசைத்தறி, மில், காட்டு வேலை, இல்லாவிட்டால் பீடித்தட்டு.

பீடி சுற்றுவது வீட்டிலிருந்தே செய்கிற வேலை, பிள்ளைக்கும் வசதி என்பார்கள். அப்படிச் சொல்லும் பெண்களும் உண்டு. ஆனால் கூலி ஆயிரம் பீடிக்கு இவ்வளவு என்ற கணக்கு. அழுகிற பிள்ளைக்காக எழுந்தால் எண்ணிக்கை குறையும். எழாவிட்டால் பிள்ளை புகையிலைத் தூளில் தவழும்.

2017-இல் பேறுகால விடுப்பை 12 வாரத்திலிருந்து 26 வாரமாக்கினார்கள். 50 பேர் வேலை பார்க்கும் இடத்தில் குழந்தைக் காப்பகம் வேண்டும், தாய் நாளுக்கு 4 முறை போய்ப் பார்க்கலாம் என்றும் அதே திருத்தம் சொன்னது. நாலு தறி ஓடும் கூடத்தில் ஐம்பது பேருக்கு எங்கே போவது? பீடித்தட்டு இருக்கும் திண்ணை எந்தக் கணக்கில் வரும்?

அதனால்தான் பிள்ளையைப் பார்த்துக்கொள்ள ஆச்சி, அம்மாவைப் பெற்றவள். மகளைச் சுமந்த இடுப்பில் இப்போது பேரன். ஊரிலுள்ள பால்வண்ணநாதர் கோயில் மண்டபத்தில் சற்றுக் கால் நீட்டி உட்காரலாம் என்றாலும் அவனையும் தூக்கிக்கொண்டுதான் போக வேண்டும். அவளுக்கு விடுப்பு இல்லை, கூலி இல்லை. மூட்டு வலித் தைலம் உண்டு.

என் கவலையெல்லாம் அந்த முழங்கால்தான். அது மடங்க மறுக்கும் நாளில் மகளின் வேலையும் நின்றுபோகும். இன்னொன்றும் உறுத்துகிறது. இன்று மில் வேனில் ஏறுகிறவள்தான் இருபது வருடம் கழித்து ஆச்சி. அப்போதும் அவள் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தால் பேரப்பிள்ளையை யார் பார்ப்பது?

அங்கன்வாடி 2 வயதுக்கு மேல்தான் சேர்த்துக்கொள்ளும். வேலைக்குப் போனவள் திரும்புமுன் பூட்டிவிடும். 6 மாதக் குழந்தையிலிருந்து பகல் முழுக்கப் பார்த்துக்கொள்ளும் காப்பகமாக அங்கன்வாடியை மாற்ற ‘பால்னா’ என்றொரு திட்டம் ஒன்றிய அரசிடம் இருக்கிறது. அடுத்த கிராமசபையில் தெருவிளக்கையும் குடிநீரையும் கேட்ட கையோடு இதையும் எழுதிக் கொடுங்கள். ஆச்சியையும் கையெழுத்துப் போடச் சொல்லுங்கள்.