கருவியும் கைகளும்

திருத்தணி மலைக்கோயிலுக்கு ஏறிச்செல்லும் படிகள் 365. ஆண்டின் நாளுக்கு ஒரு படி என்பர். ஆடிக்கிருத்திகையன்று தமிழகத்திலிருந்தும் ஆந்திரத்திலிருந்தும் காவடி சுமந்து வரும் அடியார்களால் அப்படிகள் நிரம்பி வழியும். தொலைக்காட்சிகள் காவடிகளையும் கோபுரத்தையும் காட்டும். கூட்டம் கலைந்தபின் அடிவாரத் தெருக்களில் எஞ்சும் கழிவை அகற்றுவோர் திரையில் தோன்றுவது அரிது. இவ்வகை உழைப்பின் பக்கம் படக்கருவியைத் திருப்பியோர் தமிழ் ஆவணப்பட இயக்குநர் சிலரே.

அவர்களுள் ஒருவர் மதுரையைச் சேர்ந்த ஆர்.பி. அமுதன். அவர் 2003இல் எடுத்த ஆவணப்படத்தின் பெயர் 'பீ'. பெயரைக் கேட்டதும் முகஞ்சுளிக்கிறோம். சொல்லுக்கே கூசும் நாம், அதனை நாள்தோறும் அள்ளும் மனிதரைப் பற்றி எண்ணியதுண்டா? மதுரையில் கோயிலை ஒட்டிய தெரு ஒன்றில் மனிதக் கழிவை அகற்றும் மாநகராட்சிப் பெண் தொழிலாளி ஒருவரின் வேலையை அப்படம் பின்தொடர்கிறது. கையால் மலம் அள்ளச் செய்வதைத் தடைசெய்யும் சட்டம் 1993இலேயே இயற்றப்பட்டிருந்தது. படம் வெளிவந்த அதே 2003இல், திருத்தணிக்கு வடகிழக்கே ஆந்திரக் கடற்கரையிலுள்ள ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து ஜி.எஸ்.எல்.வி. ஏவூர்தி செயற்கைக்கோளைச் சுமந்து விண்ணேறியது. ஏவூர்தி செய்யத் தெரிந்த நாட்டிற்குத் தெருவைத் துப்புரவாக்கும் பொறி செய்வது அரிதன்று. எப்பொறி முதலில் வேண்டும் என்று முடிவெடுக்கும் இடத்தில் அந்தப் பெண் இல்லை. இடர்ப்பாடு அங்கேதான் தொடங்குகிறது.

கழிவுநீர்ச் சாக்கடைக்குள்ளும் மலக்குழிக்குள்ளும் பாதுகாப்பின்றி மனிதரை இறக்குவதை 2013ஆம் ஆண்டுச் சட்டம் தடைசெய்தது. நான்கு ஆண்டுகள் கழித்துத் திவ்யபாரதி இயக்கிய 'கக்கூஸ்' ஆவணப்படம் தமிழகத்தின் பல ஊர்களுக்கும் சென்று, அச்சட்டம் ஏட்டளவில் நின்றுவிட்டதைக் காட்டியது. இத்தொழில் குறிப்பிட்ட சாதியினர்மீதே சுமத்தப்படுவதையும் அது மறைக்காமல் பேசியது. ஒப்பந்தமுறை இங்கு இயங்கும் விதம் எளியது. அன்றாடக் கூலிக்கு ஆள் கிடைக்கும்வரை, பெரும்பொருள் செலவிட்டு இயந்திரம் வாங்க ஒப்பந்ததாரருக்கு அவசரமில்லை. நச்சுவாயு தாக்கி ஒருவர் இறந்தால், பொறுப்பு மேற்பார்வையாளர், ஒப்பந்ததாரர், அலுவலகம் எனக் கைமாறித் தேய்ந்துபோகும்.

இயந்திரம் இல்லாமல் இல்லை. கேரளத்து இளம் பொறியாளர்கள் உருவாக்கிய 'பேண்டிகூட்' என்னும் எந்திரன் 2018இல் திருவனந்தபுரத்தில் பயன்பாட்டிற்கு வந்தது. அதன் கைகள் குழிக்குள் இறங்கும். படக்கருவி உள்ளிருப்பதைக் காட்டும். மனிதர் மேலே நின்று இயக்குவார். குழிக்குள் மூச்சடக்கி இறங்கியவருக்கே அதனை இயக்கும் பயிற்சியும் நிலையான ஊதியமும் கிடைத்தால், அதே தொழிலாளி தொழில்நுட்பர் ஆகிறார். அவரை விலக்கிவிட்டு இயந்திரத்தை மட்டும் கொணர்ந்தால், உயிர் பிழைக்கும், பிழைப்பு பறிபோகும்.

1993 முதல் சாக்கடைக்குள் இறந்தோர் ஒவ்வொருவரின் குடும்பத்திற்கும் 10 இலட்சம் ரூபாய் வழங்குமாறு 2014இல் உச்சநீதிமன்றம் ஆணையிட்டது. 2023 அக்டோபரில் அத்தொகையை 30 இலட்சமாக உயர்த்தியது. இறப்புகள் அப்போதும் நின்றிருக்கவில்லை.