பேயா, நோயா? நீதிமன்றம் கேட்ட கேள்வி



பேய்க் கதையும் நீதிமன்ற வழக்கும் கலந்த திரைப்படங்களைப் பார்த்துவிட்டு, "சாமி, இது உண்மையா?" என்று இளைஞர்கள் கேட்கிறார்கள். அவ்வகைப் படங்களில் பெயர்பெற்றது 2005-இல் வெளிவந்த 'தி எக்ஸார்சிசம் ஆஃப் எமிலி ரோஸ்'. அது உண்மை நிகழ்வு ஒன்றைத் தழுவியது.

ஜெர்மனியின் பவேரியாவைச் சேர்ந்த கத்தோலிக்க மாணவி அன்னெலீசே மிக்கேல். வலிப்பு நோய்க்குச் சிகிச்சை பெற்றவர். 1975-இல் ஆயரின் அனுமதியோடு இரு குருக்கள் அவருக்குப் பேயோட்டும் செபத்தைத் தொடங்கினர். ஏறக்குறைய பத்து மாதங்களில் 67 முறை செபித்தனர். அவர் உணவை ஒதுக்கினார். 1976 ஜூலை 1 அன்று இறந்தபோது அவருக்கு வயது 23. எடை 30 கிலோ அளவே.

படத்தில் குரு ஒருவர் மட்டுமே குற்றவாளிக் கூண்டில் நிற்கிறார். பேயா, நோயா என்று வாதம் நடக்கிறது. உண்மையில் 1978-இல் பெற்றோரும் இரு குருக்களும் விசாரிக்கப்பட்டனர். பேய் உண்டா என்பது அங்கே தீர்ப்புக்குரிய கேள்வி அல்ல. பட்டினியால் சாகும் பிள்ளைக்கு ஏன் மருத்துவரை அழைக்கவில்லை என்பதே கேள்வி. நால்வருக்கும் ஆறு மாதச் சிறைத்தண்டனை விதித்து, அதை நிறுத்திவைத்தனர்.

திருச்சபையும் அலகை இருப்பதை மறுக்கவில்லை; ஆனால் அவசரப்படுவதுமில்லை. ஆயரின் வெளிப்படையான அனுமதியின்றி எந்தக் குருவும் பேயோட்டக் கூடாது என்கிறது திருச்சபைச் சட்டம் 1172. அதற்கு முன் அது நோயல்ல என்று உறுதிசெய்ய வேண்டும். நோயைக் குணமாக்குவது மருத்துவத்தின் பணி என்கிறது மறைக்கல்வி (எண் 1673).

இது தொலைதேசத்துக் கதை மட்டுமன்று. 2001 ஆகஸ்ட் 6 அன்று இராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில், காப்பகம் ஒன்றில் சங்கிலியால் கட்டப்பட்டிருந்த மனநோயாளிகள் தீயிலிருந்து தப்ப முடியாமல் 28 பேர் இறந்தனர். உச்ச நீதிமன்றம் தானாகவே அதை வழக்காக எடுத்தது. மனநோயாளிகளைச் சங்கிலியால் கட்டுவதை 2017-ஆம் ஆண்டின் மனநலச் சட்டம் தடைசெய்கிறது.

நம் கம்பம் பள்ளத்தாக்கிலும் பிள்ளை தனியே பேசினால், "காத்துக் கருப்பு அடித்துவிட்டது" என்று முதலில் கோடாங்கியிடம் ஓடுகிறோம். மாதங்கள் கழிந்தபின்தான் மருத்துவர் நினைவுக்கு வருகிறார். க.விலக்கு அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குப் பேருந்திலேயே போய்விடலாம். 14416 என்ற அரசு மனநல உதவி எண்ணை இலவசமாக அழைக்கலாம்.

மாற்கு நற்செய்தியின் 5-ஆம் அதிகாரத்தை வாசியுங்கள். பேய் பிடித்தவரை ஊரார் சங்கிலியால் கட்டினார்கள், இயேசு விடுவித்தார். அதே அதிகாரத்தின் முடிவில், உயிர்பெற்றெழுந்த சிறுமிக்கு உணவு கொடுக்கச் சொல்கிறார். செபிப்போம், கூடவே சோறும் கொடுப்போம், மருந்தும் கொடுப்போம்.