வேன் கியர்பாக்ஸ்: கழற்றும் முன் தரையைப் பாருங்கள்

ஈப்போவிலிருந்து கோலகங்சார் செல்லும்போது, மெனோரா சுரங்கப்பாதை ஏற்றத்தில் இன்ஜின் அலறுகிறது. வேனோ வேகம் பிடிக்க மறுக்கிறது. கிளட்ச் தட்டு தேய்ந்திருக்கக்கூடும். அதை மாற்ற கியர்பாக்ஸை இறக்கியே ஆக வேண்டும்.

ரப்பர் தோட்டங்களை விட்டு வெளியேறிய குடும்பங்கள் சிலவற்றுக்குப் பள்ளி வேன்தான் சோறு போடுகிறது. பட்டறைச் செலவுக்கு அஞ்சி வீட்டிலேயே பிரிக்கத் துணிகிறார்கள். துணியலாம், ஆனால் ஆபத்து போல்ட்டில் இல்லை, தரையில் இருக்கிறது.

1985இல் ஜப்பானில் அறிமுகமான நிசான் வெனட் சி22 வகையை எடுத்துக்கொள்வோம். இன்ஜின் முன் இருக்கைக்கு அடியில். கியர்பாக்ஸ் அதற்குப் பின்னால். அங்கிருந்து நீண்ட தண்டு ஒன்று பின்சக்கரங்களைச் சுழற்றுகிறது. அந்தத் தண்டைக் கழற்றிவிட்டால், கியரில் போட்டிருந்தாலும் வேன் உருளும். கை பிரேக்கும் பின்சக்கரத்துக்குத்தான். அவை அந்தரத்தில் இருந்தால் அதுவும் உதவாது. ஆகவே தரையில் நிற்கும் சக்கரங்களுக்கு முன்னும் பின்னும் கட்டை வைப்பது கட்டாயம். தோட்டத்து மண்ணிலும் பழைய ஈயச்சுரங்க மணலிலும் ஜேக் புதையும். சிமெண்டுத் தளம் வேண்டும். வேனின் பாரத்தை ஜேக் அல்ல, இரும்பு ஸ்டேண்டுகளே தாங்க வேண்டும். செங்கல் அடுக்காதீர்கள், நொறுங்கும்.

பேட்டரி வயரைக் கழற்றி, கியர் எண்ணெயை வடித்த பிறகே தண்டில் கை வையுங்கள். கிளட்ச் சிலிண்டரைக் குழாயோடு ஓரமாகக் கட்டிவைத்தால் போதும். பெடலை மட்டும் யாரும் மிதிக்கக்கூடாது. இன்ஜினுக்கு அடியிலும் முட்டுக் கொடுங்கள், அதன் பின்பாரம் கியர்பாக்ஸ் தாங்கியில்தான் நிற்கிறது. கடைசி போல்ட்டுக்கு முன் கியர்பாக்ஸுக்கு இன்னொரு ஜேக், உதவிக்கு ஓர் ஆள். நேராகப் பின்னுக்கு இழுக்க வேண்டும். தொங்கவிட்டால் கிளட்ச் தட்டு வளையும். உள்ளே இருக்கும் தூசியை ஊதாதீர்கள். பழைய தட்டுகளில் ஆஸ்பெஸ்டாஸ் இருக்கலாம், ஈரத்துணியால் துடையுங்கள்.