காலையில் வண்டி எடுக்கலாமா?

இரவு குடித்தவர் காலையில் மோர் குடிக்கிறார், குளிக்கிறார், காபி குடிக்கிறார். தலை தெளிந்தது போலத் தோன்றுகிறது. ஆனால், ரத்தத்தில் உள்ள ஆல்கஹால் இதற்கெல்லாம் அசைந்து கொடுக்காது. காபி தூக்கத்தைத்தான் விரட்டும்.

ஏன்? ஆல்கஹாலில் பெரும்பகுதியைச் சிதைப்பது கல்லீரல். அங்குள்ள நொதி சீக்கிரமே நிரம்பி, தன் முழு வேகத்தை எட்டிவிடுகிறது. பிறகு எவ்வளவு குடித்திருந்தாலும் அதே வேகம்தான். ரேஷன் கடையில் ஒரே எடைத்தராசு இருந்தால் வரிசை எவ்வளவு நீண்டாலும் நகரும் வேகம் மாறாதே, அப்படி. மணிக்குச் சராசரியாக 100 மில்லி ரத்தத்தில் 15 மில்லிகிராம் குறையும். சிலருக்கு 10தான்.

கணக்குப் போடுவோம். 70 கிலோ எடையுள்ள ஆண், ஒரு குவார்ட்டர் பிராந்தி. 180 மில்லியில் கிட்டத்தட்ட 60 கிராம் ஆல்கஹால். இரவு 11 மணிக்கு ரத்தத்தில் சுமார் 120 மில்லிகிராம் என்று கொள்ளலாம். இந்தியச் சட்டத்தின் வரம்பு 30. சராசரி வேகத்தில் அதைத் தொட அதிகாலை 5 மணி ஆகும். முழுதும் தீர 7 மணி. கல்லீரல் மெதுவானவருக்கு முற்பகல் 11!

பெண்களுக்கு உடலில் நீரின் பங்கு குறைவு. அதே அளவுக்கு இன்னும் கூடுதலாக ஏறும்.

'நான் நிதானமாக இருக்கிறேன்' என்று சொல்வதும் அந்தப் போதையில் இருக்கும் மூளைதான். அதனிடம் கேட்காதீர்கள்; மறுநாள் பேருந்தில் போங்கள்.