கொல்லிமலை அடிவாரத்துக் கோழியும் 150 வயது கால்பந்து கிளப்பும்: பிளாக்பர்ன் ரோவர்ஸ் கதை தெரியுமா?

கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகளையும் இறங்கி, காரவள்ளி, சேந்தமங்கலம் வழியாக நாமக்கல் வருகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். வழியில் நீளநீளமாகக் கோழிப்பண்ணைக் கொட்டகைகள் கண்ணில் படும். நாமக்கல் பண்ணைக்காரர்களிடம் 'பிவி-300' என்று சொல்லிப் பாருங்கள், உடனே புரியும். அது ஒரு முட்டைக்கோழி ரகம். அந்த ரகத்தைக் கொடுக்கும் புனே நிறுவனமான வெங்கடேஸ்வரா ஹேட்சரீஸ், சுருக்கமாக 'வெங்கீஸ்', இங்கிலாந்தில் ஒரு கால்பந்து கிளப்புக்கும் உரிமையாளர்.

அந்த கிளப்தான் பிளாக்பர்ன் ரோவர்ஸ். சும்மா ஏதோ ஒரு கிளப் இல்லை. 1992-ல் பிரீமியர் லீக் ஆரம்பித்ததில் இருந்து கோப்பையை வென்ற கிளப்கள் மொத்தமே ஏழுதான். மான்செஸ்டர் யுனைடெட், ஆர்சனல், செல்சி, மான்செஸ்டர் சிட்டி, லெஸ்டர், லிவர்பூல். ஏழாவது பெயர் பிளாக்பர்ன்.

அப்படிப்பட்ட கிளப், வெங்கீஸ் வாங்கி ஏழு வருடத்துக்குள் மூன்றாம் நிலை லீக்குக்கு எப்படிப் போனது? இன்றைக்கும் அந்த ஊர் ரசிகர்கள் ஏன் கோபமாக இருக்கிறார்கள்? கொஞ்சம் முன்னாடியிலிருந்து பார்ப்போம்.

வேட்டி நெய்த ஊர்

பிளாக்பர்ன், வடமேற்கு இங்கிலாந்தின் லங்காஷயரில் உள்ள நெசவு நகரம். நம்ம ஊருக்கும் அதற்கும் உறவு கோழியில் தொடங்கவில்லை, வேட்டியில் தொடங்கியது. பிரிட்டிஷ் காலத்தில் இந்தியச் சந்தைக்கான வேட்டித் துணி அந்த ஊர்த் தறிகளில்தான் பெருமளவில் ஓடியது. அந்நியத் துணிப் புறக்கணிப்பு இங்கே சூடுபிடித்தபோது, அங்கே ஆலைகளில் வேலை குறைந்தது. 1931 செப்டம்பரில் வட்டமேசை மாநாட்டுக்காக லண்டன் போன காந்தி, பக்கத்து ஊரான டார்வெனுக்கு நேரில் போய் ஆலைத் தொழிலாளர்களைச் சந்தித்தார். யாரால் வேலை போனது என்று நினைத்தார்களோ, அவரையே சூழ்ந்து நின்று அந்த ஊர்ப் பெண்கள் உற்சாகமாக ஆரவாரம் செய்யும் புகைப்படம் உலகப் புகழ்பெற்றது.

இந்த நெசவு ஊரில் 1875 நவம்பர் 5-ல் பிறந்ததுதான் ரோவர்ஸ். அந்தக் காலத்தில் இங்கிலாந்தில் கால்பந்து, பணக்காரப் பள்ளிகளில் படித்தவர்களின் பொழுதுபோக்கு. ரோவர்ஸைத் தொடங்கியவர்களும் வசதியான வீட்டுப் பிள்ளைகள்தான். ஆனால் விளையாட்டைப் பிடித்துக்கொண்டது ஆலைத் தொழிலாளர்கள். சனிக்கிழமை மதியம் ஆலைச் சங்கு ஊதினால் கால்கள் நேராக மைதானத்துக்குப் போகும். நெட்ஃபிளிக்ஸில் 2020-ல் வந்த 'தி இங்கிலீஷ் கேம்' தொடரைப் பார்த்திருந்தால் ஃபெர்கஸ் சூட்டர் என்ற பெயர் நினைவிருக்கும். கிளாஸ்கோவில் இருந்து வந்த கல்தச்சர் அவர். முதலில் டார்வெனுக்கும், பிறகு 1880-ல் இருந்து பிளாக்பர்ன் ரோவர்ஸுக்கும் ஆடினார். காசு வாங்கிக்கொண்டு ஆடிய ஆரம்பகால வீரர்களில் ஒருவர். அது சட்டப்படி அனுமதிக்கப்பட்டதே 1885-ல்தான்!

1884, 85, 86 என்று வரிசையாக மூன்று வருடம் எஃப்.ஏ. கோப்பை ரோவர்ஸுக்கு. மொத்தம் ஆறு முறை வென்றிருக்கிறார்கள், கடைசியாக 1928-ல். 1888-ல் 12 கிளப்களோடு உலகின் முதல் கால்பந்து லீக் தொடங்கியபோதும் ரோவர்ஸ் இருந்தது, 1992-ல் பிரீமியர் லீக் தொடங்கியபோதும் இருந்தது. இரண்டிலும் முதல் நாளிலிருந்தே இருந்த கிளப்கள் மூன்றே மூன்று. மற்ற இரண்டு ஆஸ்டன் வில்லாவும் எவர்டனும்.

உள்ளூர்க்காரர் கொடுத்த கோப்பை

பழம்பெருமை இருந்தாலும் 1966-க்குப் பிறகு முதல் நிலை லீக்கில் ரோவர்ஸ் இல்லை. கால் நூற்றாண்டுக்கும் மேல் கீழேயே கிடந்தது. அப்போது வந்தவர் ஜாக் வாக்கர். பிளாக்பர்னிலேயே பிறந்து, ரோவர்ஸ் ஆட்டம் பார்த்தே வளர்ந்தவர். எஃகு வியாபாரத்தில் சம்பாதித்த பணத்தை 1991-ல் தன் கிளப்பில் கொட்டினார். பயிற்சியாளராக கென்னி டால்கிளிஷ் வந்தார். பிரிட்டிஷ் சாதனைத் தொகைக்கு ஆலன் ஷியரர் வந்தார். ஈவுட் பார்க் மைதானம் புதுப்பிக்கப்பட்டது.

1995 மே 14, சீசனின் கடைசி நாள். லிவர்பூலின் ஆன்ஃபீல்டில் ரோவர்ஸ் 1-2 என்று தோற்றது. ஆனால் அதே நேரம் லண்டனில் மான்செஸ்டர் யுனைடெட்டால் வெஸ்ட் ஹாமை வெல்ல முடியவில்லை, 1-1 டிரா. 89 புள்ளிகளுக்கு எதிராக 88. ஒரே ஒரு புள்ளியில் கோப்பை பிளாக்பர்னுக்கு! அந்த சீசனில் ஷியரர் அடித்த லீக் கோல்கள் 34. தோற்ற ஆட்டத்துக்குப் பிறகு கோப்பையைத் தூக்கிய அந்த மதியத்தைப் பற்றி பிளாக்பர்னில் நடுவயது தாண்டிய யாரிடம் கேட்டாலும் ஒரு கதை இருக்கும்.

பணத்தால் வாங்கிய கோப்பை என்று மற்ற ஊர் ரசிகர்கள் கிண்டல் செய்தார்கள். பிளாக்பர்ன்காரர்களுக்கு அது உறைக்கவே இல்லை. ஏனென்றால் அந்தப் பணம் 'நம்ம ஆள்' பணம். 2000-ல் வாக்கர் இறந்தார். இன்றும் மைதான வாசலில் அவருக்குச் சிலை இருக்கிறது.

வெங்கீஸ் வந்த பிறகு என்ன நடந்தது?

2010 நவம்பரில் 2.3 கோடி பவுண்டுக்கு, அதாவது அன்றைய மதிப்பில் சுமார் 165 கோடி ரூபாய்க்கு, கிளப்பை வெங்கீஸ் வாங்கியது. கூடவே கடன்களும் வந்தன. ஒரு மாதம்கூட ஆகவில்லை, அனுபவசாலியான பயிற்சியாளர் சாம் அலர்டைஸ் நீக்கப்பட்டார். அவர் இடத்துக்கு வந்த ஸ்டீவ் கீன், அதுவரை எந்த அணிக்கும் தலைமைப் பயிற்சியாளராக இருந்ததில்லை. வீரர்கள் டிரெஸ்ஸிங் ரூமில் சிக்கன் சாப்பிடுவது மாதிரி ஒரு விளம்பரமும் வந்தது. ரசிகர்களுக்கு அது கௌரவப் பிரச்சினை ஆகிவிட்டது.

2012 மே 7. விகன் அணியுடன் சொந்த மைதானத்தில் ஆட்டம். கேலரியிலிருந்து திடீரென ஒரு கோழி மைதானத்துக்குள் விடப்பட்டது. அதன் மேல் கிளப்பின் கொடி. வேறு எந்த வழியும் தெரியாத ரசிகர்கள் உரிமையாளருக்கு அனுப்பிய செய்தி அது. கடைசி நிமிடங்களில் விகன் கோல் அடித்தது, 11 வருடமாக பிரீமியர் லீக்கில் இருந்த ரோவர்ஸ் அன்று இரவே கீழே இறங்கியது.

அடுத்த சீசனில் பயிற்சியாளர்கள் வந்த வேகத்தில் போனார்கள். 1995 கோப்பை அணியில் ஆடிய ஹென்னிங் பெர்க்கே 57 நாள்தான் தாக்குப்பிடித்தார், அவருக்குப் பின் வந்த மைக்கேல் ஆப்பிள்டன் 67 நாள். 2017-ல் கோல் வித்தியாசத்தில் மறுபடியும் சறுக்கி மூன்றாம் நிலைக்குப் போனது. பிரீமியர் லீக்கை வென்ற ஒரு கிளப் அவ்வளவு கீழே போனது அதுதான் முதல் முறை. அடுத்த வருடமே டோனி மௌப்ரே பயிற்சியில் இரண்டாம் நிலைக்கு ஏறி வந்தது தனிக்கதை.

அப்போ வெங்கீஸ் வில்லனா?

அவ்வளவு எளிதாகச் சொல்லிவிட முடியாது. இரண்டாம் நிலை லீக்கில் பெரும்பாலான கிளப்கள் நஷ்டத்தில்தான் ஓடுகின்றன. வருடா வருடம் பல மில்லியன் பவுண்டு போட்டு கிளப்பை மூடாமல் காப்பாற்றியதும் இதே உரிமையாளர்கள்தான்.

ஆனால் தூரத்துப் பணத்துக்கு ஒரு ஆபத்து உண்டு. இந்தியாவில் நடந்த ஒரு விசாரணை காரணமாக, கிளப்புக்குப் பணம் அனுப்ப டெல்லி உயர் நீதிமன்றத்தின் அனுமதி தேவைப்பட்டது. அதாவது லங்காஷயரில் இருக்கும் கிளப்பின் வரவு செலவு, டெல்லியில் ஒரு நீதிமன்ற அறையைச் சார்ந்திருந்தது. 2024 பிப்ரவரியில், பிளாக்பர்னிலேயே பிறந்து கிளப்பின் சிறுவர் அணியிலிருந்தே வளர்ந்த 19 வயது ஆடம் வார்ட்டன் கிரிஸ்டல் பேலஸுக்கு விற்கப்பட்டார். சில மாதங்களிலேயே அவர் இங்கிலாந்து அணிக்கு ஆடினார்.

உரிமையாளர்கள் இந்தியர்கள் என்பதால் வந்த கோபமா இது என்றும் சிலருக்குத் தோன்றலாம். அந்த ஊரில் இந்திய, பாகிஸ்தானிய வம்சாவளியினர் கணிசமாக இருக்கிறார்கள். ஆலை வேலைக்காக வந்தவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் அவர்கள். 2022-ல் ஈவுட் பார்க் புல்வெளியிலேயே ரம்ஜான் பெருநாள் தொழுகை நடந்தது, பிரிட்டனில் எந்த கிளப்பும் அதற்கு முன் செய்யாதது. ரசிகர்களின் முக்கியமான குறை வேறு: 'முடிவெடுப்பவர்கள் எங்கள் கண்முன் இல்லை, எங்களிடம் கேட்பதும் இல்லை.'

முட்டை விலையில் இருக்கும் பதில்

இந்தக் குறை நாமக்கல்காரர்களுக்கு நன்றாகப் புரியும். ஒரு காலத்தில் முட்டை விலையை வியாபாரிகள்தான் சொல்வார்கள், பண்ணைக்காரர் வாய்மூடி வாங்கிக்கொள்ள வேண்டும். 1982-ல் தேசிய முட்டை ஒருங்கிணைப்புக் குழு வந்த பிறகுதான், உற்பத்தி செய்பவரே தன் முட்டைக்கு விலை சொல்லலாம் என்ற நிலை வந்தது. இன்று நாமக்கல் மண்டல முட்டை விலை தினமும் செய்தியில் வருவது அதனால்தான். அந்தக் குழு உருவாக முன்னின்றவர் டாக்டர் பி.வி.ராவ். வெங்கடேஸ்வரா ஹேட்சரீஸின் நிறுவனர். இப்போது பிளாக்பர்னை வைத்திருப்பது அவருடைய குடும்பம்தான்.

பிளாக்பர்ன் ரசிகர்கள் கேட்பதும் கிட்டத்தட்ட அதையேதான். நாலு தலைமுறையாக டிக்கெட் வாங்கி, மழையில் நனைந்து, கிளப்பை கிளப்பாக வைத்திருப்பவர்கள் நாங்கள். எங்களுக்கும் ஒரு சொல் வேண்டாமா?

இங்கிலாந்து அரசு இதற்கு ஒரு பதில் கொண்டு வந்திருக்கிறது. 2025 ஜூலையில் நிறைவேறிய கால்பந்து நிர்வாகச் சட்டப்படி, கிளப்களைக் கண்காணிக்கத் தனி ஒழுங்குமுறை அமைப்பு வருகிறது. கிளப்பை வாங்குபவர் தகுதியானவரா என்று அது பார்க்கும். சொந்த மைதானத்தை விற்க அதன் ஒப்புதல் வேண்டும். சின்னம், ஜெர்சி நிறம் போன்றவற்றை ரசிகர்களைக் கேட்காமல் மாற்ற முடியாது. சிஎஸ்கே-வின் மஞ்சளை நாளைக்கே யாராவது ஊதா ஆக்கினால் உங்களுக்கு எப்படி இருக்கும் என்று யோசித்தால், இந்தச் சட்டம் ஏன் தேவைப்பட்டது என்று புரியும்.

இந்தச் சட்டம் ஒரு கிளப்பை ஜெயிக்க வைக்காது. நல்ல பயிற்சியாளரைத் தேடித் தராது. ஆனால் இனி தங்கள் குரல் கேட்க ரசிகர்கள் கேலரியிலிருந்து கோழியைப் பறக்கவிட வேண்டிய அவசியம் இருக்காது என்று நம்பலாம்.