முகத் தழும்புக்கு ஊசி: முன்னும் பின்னும்

கனடாவின் மான்ட்ரியல் நகரில் ஆந்த்ரே கமிராண்ட் என்ற பிளாஸ்டிக் சர்ஜன், முகச்சுருக்கம் நீக்கும் அறுவை செய்துகொண்டவர்களின் தையல் தழும்புகள் வெளுத்துத் தெரிவதை மறைக்க ஒரு வழி செய்தார். தோலின் நிறத்துக்கு ஏற்ற சாயத்தை எடுத்து, பச்சை குத்தும் மெஷினால் அந்தத் தழும்புக்குள் ஏற்றினார். ஓரிரு ஆண்டு கழித்துப் பார்த்தால் ஏற்றிய சாயம் மங்கிப் போயிருந்தது. ஆனால் தழும்பு பழையபடி வெளுக்கவில்லை. தோலின் சொந்த நிறமே அங்கே வந்திருந்தது. தழும்பும் முன்னைவிடச் சீராகியிருந்தது. சாயம் போன பிறகும் பலன் நிற்கிறதென்றால் வேலை செய்தது ஊசிதான். பிறகு அவர் சாயமே இல்லாமல் வெறும் ஊசியால் தழும்புகளைக் குத்திப் பார்த்து, சக மருத்துவர் டூசேயுடன் சேர்ந்து 1997-ல் அதை எழுதி வெளியிட்டார். அதே காலத்தில் தென்னாப்பிரிக்காவின் கேப் டவுனில் டெஸ் ஃபெர்னாண்டஸ் என்ற பிளாஸ்டிக் சர்ஜனும் இதே யோசனையில் இறங்கி, ஊசிகள் பதித்த சிறு உருளையை உருவாக்கினார். இன்று தோல் மருத்துவமனைகளின் விளம்பரத் தட்டிகளில் நாம் பார்க்கும் மைக்ரோநீட்லிங் இப்படித்தான் பிறந்தது.

பருவால் வந்த பள்ளங்களுக்குத்தான் இதை அதிகம் செய்கிறார்கள். அம்மைத் தழும்பு, விபத்துத் தழும்பு, வயிற்றில் விழுந்த கோடுகள், முடி உதிர்வு என்று பட்டியல் நீள்கிறது. முடி உதிர்வுக்கு மினாக்சிடில் மருந்தோடு வாரம் ஒருமுறை உருளையையும் சேர்த்துப் பயன்படுத்தி மும்பை மருத்துவர்கள் 100 ஆண்களிடம் நடத்திய ஆய்வு 2013-ல் வந்தது. மருந்து மட்டும் போட்டவர்களைவிட இவர்களுக்கு முடி கூடுதலாக முளைத்தது. இந்தக் கட்டுரை முகத்தோடு நிற்கிறது.

தோலின் மேல்படலம் மிக மெல்லியது. முகத்தில் ஏறக்குறைய மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு. அதற்குக் கீழே இருக்கும் உள்தோலில்தான் கொலாஜன் என்ற புரத இழைகள் பின்னிக் கிடக்கின்றன. பரு ஆழமாகப் புண்ணாகி ஆறும்போது அந்தப் பின்னல் குலைகிறது, அல்லது குறைகிறது. மேலே பள்ளம் விழுகிறது. ஊசி உள்தோல் வரை இறங்கி, கண்ணுக்குத் தெரியாத ஆயிரக்கணக்கான காயங்களை உண்டாக்குகிறது. அங்கே கசியும் துளி ரத்தத்திலுள்ள தட்டணுக்கள் வளர்ச்சித் தூண்டிகளை வெளியிட, ஃபைப்ரோபிளாஸ்ட் செல்கள் அந்த இடத்துக்கு வந்து புதிதாகக் கொலாஜன் நெய்யத் தொடங்குகின்றன. முதலில் வருவது மூன்றாம் வகைக் கொலாஜன், தற்காலிகச் சரக்கு. அது மெல்ல மெல்ல உறுதியான முதல் வகையாக மாறுவதற்கு மாதங்கள் பிடிக்கும். அதனால்தான் பலனைப் பார்க்க மூன்று முதல் ஆறு மாதம் பொறுக்கச் சொல்கிறார்கள். கல்யாணத்துக்கு இரண்டு வாரம் இருக்கும்போது முகத்தைக் கொண்டுவந்து நீட்டுகிறவர்களுக்கு எந்த மருத்துவராலும் உதவ முடியாது.

கருவியில் இரண்டு வகை. உருளை வகையான டெர்மாரோலரில் வழக்கமாக 192 ஊசிகள் இருக்கும். ஒரே இடத்தில் 15 முறை உருட்டினால் ஒரு சதுர சென்டிமீட்டரில் சுமார் 250 துளைகள் விழும். உருளும்போது ஊசி சாய்ந்து நுழைந்து சாய்ந்தே வெளியேறுவதால் துளை சற்றுக் கிழிந்தாற்போல் ஆகும். பேனா வகையில் முனையிலுள்ள ஊசிகள் தையல் மெஷின் ஊசிபோல நேராக இறங்கி ஏறும். எவ்வளவு ஆழம் இறங்க வேண்டும் என்பதை இடத்துக்கு இடம் திருகி மாற்றிக்கொள்ளலாம். கன்னத்தில் ஒன்றரை, இரண்டு மில்லிமீட்டர் தேவைப்படும். நெற்றியிலும் கண்ணைச் சுற்றியும் தோல் மெலிது, எலும்பு பக்கத்திலேயே இருக்கிறது. அங்கே அந்த ஆழம் ஆகாது. நீள ஊசி உருளையைக் கன்ன எலும்பு மேட்டிலும் நெற்றிப் பொட்டிலும் அழுத்தி உருட்டியதால் தண்டவாளம்போல இணைகோடுகளாகத் தழும்பு விழுந்த நோயாளிகளைப் பற்றி மருத்துவ இதழ்கள் எழுதியிருக்கின்றன. அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் 2018-ல் இத்தகைய பேனா ஒன்றுக்கு முதன்முதலாக அனுமதி தந்தது. 22 வயதும் அதற்கு மேலும் ஆனவர்களின் முகத்துப் பருத்தழும்புக்கு மட்டும்.

நம் நிறத்துக்கு இந்த முறை ஒத்துவருவதற்குக் காரணம் உண்டு. வெயிலுக்குத் தோல் காட்டும் எதிர்வினையை வைத்து தாமஸ் ஃபிட்ஸ்பேட்ரிக் என்ற அமெரிக்கத் தோல் மருத்துவர் வகுத்த ஆறு வகைகளில், தமிழர்களில் பெரும்பாலோர் நான்கு, ஐந்தில் வருவோம். இந்தத் தோலில் நிறமிச் செல்கள் எதற்கெடுத்தாலும் கோபித்துக்கொள்ளும். லேசரின் சூடு பட்டால் தழும்பு ஆறும், ஆனால் அந்த இடம் கறுத்துப் போகக்கூடும். ஊசியில் சூடு இல்லை. துளைக்கும் துளைக்கும் நடுவே தோல் முழுசாக இருக்கிறது. எனவே கருமை படரும் ஆபத்து குறைவு. அடியோடு இல்லை என்று சொல்ல முடியாது. அந்த மிச்ச ஆபத்து பெரும்பாலும் நம் கையில்தான் இருக்கிறது. ஊசி முனையிலிருந்து ரேடியோ அலைச் சூட்டைச் செலுத்தும் கருவிகளும் வந்திருக்கின்றன. அது வேறு சிகிச்சை, அதன் ஆபத்துகளும் வேறு. விளம்பரத்தில் இரண்டும் ஒரே பெயரில் உலவுவதால் எதைச் செய்யப்போகிறார்கள் என்று கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும்.

எல்லாப் பள்ளமும் ஊசிக்கு மசியாது. கண்ணாடி முன் நின்று தழும்பின் இருபுறமும் விரல் வைத்துத் தோலை இழுத்துப் பாருங்கள். இழுத்ததும் பள்ளம் மறைந்துபோனால் அது அலைபோன்ற தழும்பு. ஊசிக்கு நன்றாக இணங்கும். குண்டூசியால் குத்தியதுபோலச் சிறிய வாயும் ஆழமான அடியுமாக, இழுத்தாலும் அப்படியே நிற்கிறதா? அதற்குப் புள்ளி புள்ளியாக அமிலம் வைக்கும் சிகிச்சையே மேல். பலருடைய கன்னத்தில் இரண்டும் கலந்திருக்கும். இதைப் பிரித்துச் சொல்லாமல் "ஆறு சிட்டிங், முகம் கண்ணாடி ஆகிவிடும்" என்று பேக்கேஜ் பேசுகிற இடத்திலிருந்து எழுந்து வந்துவிடுவது நல்லது.

தயாரிப்பு, பரு அடங்குவதிலிருந்து தொடங்குகிறது. சீழ்ப்பரு பழுத்திருக்கும் கன்னத்தில் ஊசி ஓட்டினால் ஓரிடத்துக் கிருமி முகமெங்கும் போகும். உதட்டோரம் அடிக்கடி கொப்புளம் வருகிற ஆளாக இருந்தால் முன்கூட்டியே சொல்லுங்கள். அதற்குக் காரணமான வைரஸ் கிளம்பாமலிருக்க மாத்திரை தருவார்கள். காது குத்திய இடமோ தடுப்பூசி போட்ட இடமோ தடித்து வளர்ந்த கதை உங்களுக்கோ வீட்டாருக்கோ உண்டா? அதைச் சொல்லாமல் விடவே கூடாது. எக்ஸிமா, சொரியாசிஸ், பரவிக்கொண்டிருக்கும் வெண்புள்ளி, மரு இருந்தாலும் அப்படியே. கர்ப்பிணிகள் தள்ளிப் போடலாம். ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுகிறவர்கள் அதைத் தாங்களாக நிறுத்தக் கூடாது. பருவுக்கு ஐசோட்ரெட்டினாயின் சாப்பிட்டவர்களை ஆறு மாதம் காக்க வைப்பது பழைய வழக்கம். இப்போது பல மருத்துவர்கள் அவ்வளவு கறாராக இல்லை. ஆனாலும் சாப்பிட்டதைச் சொல்லிவிட வேண்டும்.

பூசும் க்ரீம்களில் ரெட்டினால் வகையும் கிளைக்காலிக், சாலிசிலிக் அமில வகையும் சில நாள் முன்பே நிற்க வேண்டும். எத்தனை நாள் என்பது மருத்துவருக்கு மருத்துவர் மூன்றிலிருந்து ஏழு வரை மாறும். த்ரெட்டிங், வாக்ஸிங், ப்ளீச், ஃபேஷியல் எல்லாம் ஒரு வாரம் முன்பே முடிந்திருக்கட்டும். ஆண்கள் முந்தின நாளே ஷேவ் செய்துகொள்ளலாம். எல்லாவற்றையும்விட முக்கியம் வெயில். குறைந்தது இரண்டு வாரம் முன்பிருந்தே சன்ஸ்கிரீன் போட்டுப் பழக வேண்டும். வெயிலில் கறுத்து, நிறமிச் செல்கள் ஏற்கெனவே சிலிர்த்திருக்கும் தோலில் ஊசி படுவது கருமையை வெற்றிலை பாக்கு வைத்து அழைப்பது. ஏப்ரல், மே மாதங்களில் பைக்கில் அலையும் வேலை என்றால் ஆவணி, கார்த்திகைக்குத் தள்ளிப் போடுவதில் நஷ்டம் எதுவும் இல்லை.

சிகிச்சை நாளில் நேரம் பிடிப்பது குத்துவதற்கல்ல, மரத்துப் போவதற்கு. லிடோகெயின், பிரிலோகெயின் கலந்த க்ரீமை முகத்தில் அப்பி முக்கால் மணி, ஒரு மணி நேரம் உட்கார வைப்பார்கள். வலிக்குப் பயந்து கடையில் வாங்கி வீட்டிலேயே கனமாக அப்பிக்கொண்டு வரக் கூடாது. அளவு மீறினால் அந்த மருந்து உடலில் ஏறி, ரத்தம் ஆக்சிஜன் சுமக்கும் திறனையே குறைக்கக்கூடும். க்ரீமைச் சுத்தமாகத் துடைத்து, கிருமிநாசினி போட்டு, சலைனால் கழுவிய பிறகு மருத்துவர் ஒரு கையால் தோலை இழுத்துப் பிடித்து, மறுகையால் பேனாவை ஓட்டுவார். மேலும் கீழும், இடமும் வலமும், பிறகு குறுக்கே. கன்னத்தில் ஒரு கொரகொரப்பு மட்டும் தெரியும். மேல் உதட்டிலும் நெற்றியிலும் சுருக்கென்று இருக்கும். சற்று நேரத்தில் தோல் சிவந்து, ஊசிமுனை அளவில் ரத்தப் புள்ளிகள் ஒவ்வொன்றாக அரும்பும். அதுவே நிறுத்துவதற்கான அடையாளம். ரத்தம் வழிய வழியக் குத்தினால் பலன் கூடும் என்பது தப்பான எண்ணம். குளிர்ந்த சலைன் நனைத்த துணியை வைத்து எடுத்தால் முடிந்தது. முகம் முழுவதற்கும் இருபது நிமிடம் போதும்.

அடுத்த மூன்று நாளில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். தோல் என்பது வெளியுலகத்தை உள்ளே விடாத தடுப்பு. அதில் ஆயிரக்கணக்கான துளைகளைப் போட்டிருக்கிறோம். அவை சில மணி நேரத்திலேயே மூடத் தொடங்கினாலும், தடுப்பு முழுசாகத் திரும்ப ஓரிரு நாள் ஆகும். அதுவரை மேலே பூசுவது மேலேயே நிற்காது. பெண்கள் சிலருக்கு, ஊசி குத்திய முகத்தில் வைட்டமின் சி சீரம் போன்றவற்றைப் பூசியதும் ஒவ்வாமை ஏற்பட்டு, மாதக்கணக்கில் அடங்காத முடிச்சுகள் முகத்தில் கிளம்பியதை 2014-ல் அமெரிக்க மருத்துவர்கள் பதிவு செய்தார்கள். தோலின்மேல் போட எடுத்த பொருள் தோலுக்குள் போனால் உடம்பு அதை அந்நியனாகத்தான் பார்க்கும்.

கஸ்தூரி மஞ்சள், கடலை மாவு, சந்தனம், எலுமிச்சை, கற்றாழை மடல் எல்லாமே இந்தக் கணக்கில் அடங்கும். "இயற்கைதானே, என்ன செய்துவிடும்?" என்று அம்மாவோ மாமியாரோ கிண்ணத்தில் குழைத்துக்கொண்டு வருவார்கள். மஞ்சளுக்கே ஒவ்வாமை உள்ளவர்கள் உண்டு. தோட்டத்துக் கற்றாழையில் மண்ணும் கிருமியும் உண்டு. ஒரு வாரம் பொறுக்கச் சொல்லுங்கள். நெற்றியில் குத்தியிருந்தால் குங்குமம், ஸ்டிக்கர் பொட்டு, திருநீறுக்கும் இரண்டு மூன்று நாள் விடுப்பு.

முதல் நாள் இரவு வெயிலில் காய்ந்து வந்ததுபோல முகம் எரியும். மருத்துவர் தந்த சுத்தமான ஹயாலுரானிக் ஜெல்லோ வாசனையில்லாத எளிய மாய்ஸ்சரைசரோ தவிர எதுவும் வேண்டாம். கழுவுவதற்குச் சாதாரணத் தண்ணீர், துடைப்பதற்குப் புதிதாகத் துவைத்த பருத்தித் துணி, தலையணைக்கும் புது உறை. வலி இருந்தால் பாரசிட்டமால் போதும். ஐபுப்ரோஃபென் வகை வேண்டாம் என்பார்கள், காரணம் அது தணிக்கப் பார்க்கும் அழற்சியில்தான் இந்தச் சிகிச்சையே ஓடுகிறது. மறுநாள் சிவப்பும் லேசான வீக்கமும் இருக்கும். அன்றிலிருந்து சன்ஸ்கிரீன் போடலாம். துத்தநாக ஆக்சைடு, டைட்டானியம் டை ஆக்சைடு உள்ளதாகப் பார்த்து வாங்க வேண்டும். மேக்கப்புக்கு ஒரு நாளாவது பொறுக்க வேண்டும், பழைய ஸ்பாஞ்சும் பிரஷும் கூடவே கூடாது. ஜிம், நீச்சல் குளம், அடுப்படி அனல், வியர்த்துக் கொட்டும் ஹெல்மெட் இவற்றிலிருந்து இரண்டு மூன்று நாள் விலகியிருங்கள். கன்னத்தில் உரசும் ஹெல்மெட்டின் உள்பஞ்சை யார் கடைசியாகத் துவைத்தார்கள்? மூன்றாம் நாள் தோல் உப்புத்தாள்போல் சொரசொரத்து, மெல்லிய பொருக்கு உதிரும். நகம் வைக்காதீர்கள். ஐந்து, ஏழு நாளில் சரியாகிவிடும். ஒரு வாரம் தாண்டியும் சிவப்பு கூடிக்கொண்டே போனாலோ, சீழ், கொத்துக் கொப்புளம், காய்ச்சல் வந்தாலோ மருத்துவரிடம் போக வேண்டும். அடுத்த அமர்வு நான்கு முதல் ஆறு வாரம் கழித்து. பொதுவாக மூன்றிலிருந்து ஆறு அமர்வுகள். அவசரப்பட்டு நெருக்கினால் நெய்த கொலாஜன் முதிரும் முன்பே கலைக்கிறோம் என்று அர்த்தம்.

இணையத்தில் சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கும் உருளையை வாங்கி வீட்டிலேயே உருட்டிக்கொள்ளலாமா என்று பலர் கேட்கிறார்கள். கால் மில்லிமீட்டர் ஊசி உள்தோலில் போதிய ஆழம் இறங்காது, ஆகவே தழும்புக்குப் பலனில்லை. நீள ஊசி இறங்கும். அதோடு குளியலறைக் கிருமியையும் கொண்டுபோகும். உருட்ட உருட்ட முனை மழுங்கி வளைந்து, குத்துவதற்குப் பதில் கீறும். அக்கா தங்கை மாற்றி மாற்றி உருட்டிக்கொள்வதோ ரத்தத்தைப் பரிமாறிக்கொள்வதுதான். இது மிகைப்படுத்தல் இல்லை. அமெரிக்காவின் நியூ மெக்ஸிகோவில் உரிமம் இல்லாத ஓர் அழகு நிலையத்தில், முகத்தில் ஊசி குத்தி அவரவர் ரத்தத்திலிருந்தே பிரித்த பிளாஸ்மாவைச் செலுத்தும் சிகிச்சை செய்துகொண்ட குறைந்தது மூன்று பெண்களுக்கு எச்.ஐ.வி. தொற்றியதை அந்நாட்டு நோய்த்தடுப்பு மையம் 2024-ல் வெளியிட்டது. ஒருமுறைக்கு மட்டுமான பொருட்களை அங்கே திரும்பத் திரும்பப் பயன்படுத்தியிருக்கிறார்கள். பெயர் ஒட்டாத, ரத்தம் நிரப்பிய சோதனைக் குழாய்கள் சமையலறை மேடையில் கிடந்தன. ஊசிமருந்துகள் உணவோடு சேர்ந்து குளிர்பதனப் பெட்டியில் இருந்தன.

பார்லரில் ஃபேஷியலோடு சேர்த்து மலிவாகச் செய்து தருகிறோம் என்றால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். தோல் மருத்துவரிடம் போனாலும் ஊசிமுனையின் சீலிட்ட உறையை உங்கள் கண்முன்னே பிரிக்கச் சொல்லுங்கள், முடிந்ததும் அதைக் கழற்றிக் குப்பையில் போடுவதைப் பார்த்துவிட்டு எழுந்திருங்கள். அப்படிக் கேட்பதில் கூச்சப்பட எதுவும் இல்லை. நல்ல மருத்துவர் கோபித்துக்கொள்ள மாட்டார்.