பாதசாரியின் காயமும் மருத்துவக் குறியீடும்

வண்டலூர்–வாலாஜாபாத் சாலையும் சிங்கப்பெருமாள்கோவில்–ஸ்ரீபெரும்புதூர் சாலையும் ஒரகடத்தில் குறுக்கிடுகின்றன. பெட்டக லாரிகளும், தொழிலாளரை ஏற்றிச் செல்லும் பஸ்களும் அங்கு இரவு பகலாக ஓடுகின்றன. வடக்குப்பட்டு முதலிய சுற்றுக் கிராமத்தவர் வேலைக்கும், பள்ளிக்கும், பஸ் நிறுத்தத்திற்கும் செல்ல இவ்வாகனங்களுக்கு இடையேதான் நடக்க வேண்டியுள்ளது.

நடந்து செல்பவர் ஒருவர் அடிபட்டால் அவரை மருத்துவமனையில் சேர்க்கிறோம், சிகிச்சையும் கிடைக்கிறது. ஆனால் அவருக்குக் காயம் எவ்வாறு நேர்ந்தது என்பது அங்குள்ள பதிவேட்டில் சரியாக ஏறுகிறதா? இக்கேள்வி கிராம நலனோடு நெருங்கிய தொடர்புடையதாதலின், ஊராட்சி மன்ற உறுப்பினர்களும் விவசாயப் பெருமக்களும் இதனை அறிந்திருத்தல் நலம்.

குறியீடு என்பது யாது?

ஒரே நிலத்தைக் கிழக்குக் கொல்லை என்று ஒருவரும், கிணற்று மேடு என்று மற்றொருவரும் அழைக்கலாம். சர்வே எண்ணைச் சொன்னால் ஐயத்திற்கு இடமில்லை. மருத்துவக் குறியீடும் அத்தகையதே. ஒவ்வொரு நோய்க்கும், காயத்திற்கும், அதன் காரணத்திற்கும் எழுத்தும் எண்ணும் சேர்ந்த ஓர் அடையாளம் உண்டு. பிரெஞ்சு நாட்டுப் புள்ளியியல் அறிஞர் ஜாக் பெர்த்தியோன் வகுத்த மரணக் காரணப் பட்டியல் 1893-இல் ஏற்கப்பட்டது. 1948 முதல் இப்பணி உலக சுகாதார நிறுவனத்தின் பொறுப்பில் உள்ளது. இதன் பத்தாம் திருத்தம் 1990-இல் ஒப்புதல் பெற்றது. பதினோராம் திருத்தம் 2022 ஜனவரி 1-ஆம் தேதி நடைமுறைக்கு வந்தது. பலரும் பழகியுள்ள பத்தாம் திருத்தத்தைக் கொண்டே இங்கு விளக்குவோம்.

காயம் ஒன்று, காரணம் ஒன்று

கீழ்க்கால் எலும்பு முறிவுக்குக் குறியீடு ‘எஸ் 82’. மரத்திலிருந்து விழுந்தாலும் எலும்பு முறியும். லாரி மோதினாலும் முறியும். ஆகையால் காரணத்தைக் காட்ட மற்றொரு குறியீடு தேவைப்படுகிறது. மரத்திலிருந்து விழுந்தவருக்கு அது ‘டபிள்யூ 14’. வாகனம் மோதிய பாதசாரிக்கு ‘வி 01’ முதல் ‘வி 09’ வரை உள்ள வரிசை.

மோதியது மிதிவண்டியாயின் ‘வி 01’. மோட்டார் சைக்கிள் அல்லது ஆட்டோவாயின் ‘வி 02’. கார் அல்லது வேனாயின் ‘வி 03’. கனரக லாரி அல்லது பஸ்ஸாயின் ‘வி 04’. ரயிலாயின் ‘வி 05’. மாட்டு வண்டி போன்றவையாயின் ‘வி 06’. வாகனம் இன்னதென்று தெரியாவிடின் ‘வி 09’. ‘வி 01’ முதல் ‘வி 06’ வரையுள்ள குறியீடுகளில் புள்ளிக்குப் பின் 1 என்றிருந்தால் விபத்து பொதுச் சாலையில் நேர்ந்தது; 0 என்றிருந்தால் தொழிற்சாலை வளாகம் போன்ற வேறிடத்தில் நேர்ந்தது. சாலையோரத்தில் இறங்கி நின்று சக்கரம் மாற்றும் லாரி ஓட்டுநரும் பாதசாரியாகவே கொள்ளப்படுவார். பஸ்ஸிலிருந்து இறங்கும்போது விழுந்தவரோ பஸ் பயணியாகவே கணக்கிடப்படுவார்.

ஒரு சொல் குறைந்தால்

நோயாளியோ, உடன் வந்தவரோ சொன்னதை மருத்துவர் எழுதுகிறார்; அவர் எழுதியதைக் கொண்டே குறியீடு இடப்படுகிறது. ‘சாலை விபத்து’ என்று மட்டும் எழுதப்பட்டால், அடிபட்டவர் நடந்து சென்றாரா, வாகனத்தில் சென்றாரா என்பதே விளங்காது. அது ‘வி 89’ என்னும் விவரமற்ற தொகுதியில் சேர்ந்துவிடும். ஆண்டு முடிவில் கணக்குப் பார்க்கும்போது அந்தப் பாதசாரி அதில் இரார். நடைபாதையோ, விளக்கோ, கடக்கும் இடமோ வேண்டுமென்று நாம் கோரும்போது, நடப்பவர் எத்தனை பேர் அடிபட்டனர் என்ற கேள்விக்குப் பதிவேடு விடை தராது. வழக்குப் பதியப்படாத விபத்துக்களுக்கு மருத்துவமனைப் பதிவேடே முக்கிய சான்றாதலின் இக்குறை பெரிது.

நாம் செய்யத்தக்கவை

முதற்கண் 108-ஐ அழைத்துச் சிகிச்சைக்கு அனுப்புக. 2021 டிசம்பர் 18-ஆம் தேதி தொடங்கப்பட்ட ‘இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48’ திட்டத்தின்படி, பட்டியலிலுள்ள அரசு, தனியார் மருத்துவமனைகளில் முதல் 48 மணி நேரச் சிகிச்சை கட்டணமின்றி அளிக்கப்படுகிறது.

பின்னர் மருத்துவரிடம் நான்கு செய்திகளைத் தெளிவாகக் கூறுக: அடிபட்டவர் நடந்தாரா, நின்றாரா, சாலையைக் கடந்தாரா; மோதியது எவ்வகை வாகனம்; பொதுச் சாலையா, வளாகமா; எவ்விடத்தில், எந்நேரத்தில். தெரியாததை ஊகித்துச் சொல்லுதல் ஆகாது. உதவ வந்தவர் அஞ்ச வேண்டுவதில்லை. 2019-இல் திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டத்தின் 134-ஏ பிரிவு நல்லெண்ணத்தோடு உதவுபவரைக் காக்கிறது. அவர் தம் பெயரைத் தெரிவிக்குமாறு எவரும் கட்டாயப்படுத்தலாகாது.

எந்த வளைவில், எந்த நிறுத்தத்தருகே விபத்து நேர்ந்தது என்பதைக் குறியீடு காட்டாது. இதற்கு ஊராட்சி அலுவலகத்தில் ஒரு குறிப்பேடு போதும். தேதி, நேரம், இடம், வாகன வகை ஆகியவற்றை அதில் எழுதி வருக. அடிபட்டவரின் பெயர் வேண்டா. அதனைக் கிராம சபையில் வைத்து, தீர்மானத்தோடு மாவட்டச் சாலைப் பாதுகாப்புக் குழுவிற்கு அனுப்பலாம். ‘எங்கள் ஊரில் விபத்து அதிகம்’ என்ற முறையீட்டைவிட, இடமும் எண்ணிக்கையும் குறித்த ஒரு பக்கக் கணக்கு வலிமையுடையது.

நடப்பவரின் காயம் கணக்கில் ஏறினால்தான் நடப்பவருக்கு வேண்டிய பாதை திட்டத்தில் ஏறும். அக்கணக்கின் முதல் வரியை மருத்துவமனை வாயிலில் நாம் சொல்லும் சொற்களே எழுதுகின்றன.